மாலை போட்ட என் படம்

2024 ஆகஸ்ட் 12, திங்கட்கிழமை. ஐந்து மணிக்கு எழுந்து வாசல் தெளித்தேன். பால் காய்ச்சினேன். அம்மாவுக்குச் சர்க்கரை மாத்திரை கொடுத்தேன். துவைத்ததைக் கொடியில் போட்டுவிட்டு, மதியத்துக்குக் கீரை கடைந்தேன். படப்பிடிப்பு இல்லாத நாட்களில் எங்கள் ஊரான காவாந்தண்டலத்தில் எனக்கு இதுதான் வேலை. போன மாதத்திலிருந்து எல்லா நாளும் அப்படித்தான்.

தொலைக்காட்சித் தொடர் ஒன்றில் ஆறு ஆண்டுகளாகக் கதாநாயகனுக்கு அம்மாவாக நடித்தேன். கதையைத் திருப்ப வேண்டும் என்று அந்த அம்மாவை விபத்தில் கொன்றுவிட்டார்கள். விபத்தைக் காட்டவில்லை. என் புகைப்படத்துக்குச் சட்டம் போட்டு, மாலை மாட்டி, சுவரில் ஏற்றினார்கள். அதற்கு நான் தேவைப்படவில்லை.

அன்று மாலை அது ஒளிபரப்பாகிறது என்று தெரியும். டிவிக்குப் பின்னால் இருந்த வயரை உருவிவிட்டு, கேபிள் போய்விட்டது என்று அம்மாவிடம் சொன்னேன். நம்பிவிட்டாள். இட்லியை வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள்.

சற்று நேரத்தில் பக்கத்து வீட்டு அக்கா கண்ணைத் துடைத்தபடி ஓடி வந்தாள்.

"இங்கதான் கீறியா! டிவில உன் படத்துக்கு மாலை போட்டுகிறாங்கடி. உன் புள்ள இன்னா அழுவ அழுவறான்!"

"நடிப்புதானேக்கா."

"தெரியும்டி. தெரிஞ்சும் ஓடியாந்துட்டேன். உன் மருமவதான் ஒரு சொட்டு தண்ணி வுடல, பாவி."

அது அம்மாவின் காதில் விழுந்துவிட்டது. அக்கா போனதும் கேட்டாள்.

"எழுந்து சிரிச்சியா?"

எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. பிணமாகப் படுத்து நடித்தவர், காட்சி முடிந்ததும் எழுந்து கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும். அதையும் படம் பிடிப்பார்கள். அப்போதுதான் அந்தச் சாவு அங்கேயே கழியும். முன்பு இரண்டு சினிமாக்களில் செத்தபோது சிரித்துவிட்டுத்தான் வந்தேன். அம்மாவிடமும் சொல்லியிருந்தேன்.

"படுக்கவே இல்லியேம்மா. படம் மட்டுந்தான். நான் அங்க போவல."

"சாவடிச்சிட்டு அப்படியே வுட்டுட்டானுங்களா?"

தட்டைத் தள்ளி வைத்தாள். அப்பாவின் படம் மாட்டியிருந்த சுவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு, "இனிமே உன்னக் கூப்புட மாட்டாங்களா?" என்றாள்.

"வேற எதுனா வரும்மா."

அம்மா வேடத்துக்கு இப்போது என்னைவிட இளையவர்களை அழைக்கிறார்கள். அதை நான் சொல்லவில்லை. அவள் அன்று இரவு சாப்பிடவில்லை.

செவ்வாய்க்கிழமை காலை, வாசல் தெளிப்பதற்கும் முன்னால், அம்மா என்னைக் கிழக்குப் பார்த்து நிற்க வைத்தாள். என் கைப்பேசியை இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டாள்.

"எங்க அமுக்கணும்?"

காட்டினேன்.

"சிரி."

எனக்கு வரவில்லை.

"எவன் எவனோ சொன்னா சிரிக்கிற. நான் சொன்னா வராதா?"

சிரித்தேன்.