பின்னால் பத்து, முன்னால் பத்து

கணக்கு தன் பக்கம் இருக்கிறது என்று தெரிந்த பிறகு ஒரு பெண் என்ன செய்ய வேண்டும்? ஓடித் தோற்றுக் காட்ட வேண்டுமா, ஓடமாட்டேன் என்று உட்கார்ந்துவிட வேண்டுமா? பதினொரு வயதில் நான் உட்கார்ந்தேன். அது சரிதானா என்று இன்றுவரை எனக்குச் சொல்லத் தெரியவில்லை.

அப்போது நாங்கள் நடுவட்டத்துக்குப் பக்கத்தில் ஓர் எஸ்டேட்டில் குடியிருந்தோம். அம்மா எட்டாவதோடு நின்று கொழுந்து பறிக்கப் போனவள். அவளுடைய தம்பி, எங்கள் மாமா, கோயம்புத்தூரில் காலேஜ் படித்துத் தெப்பக்காட்டில் அரசாங்க வேலையில் இருந்தார். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை பைக்கில் வந்து இறங்கியவர், அங்கே யானைகள் முகாமுக்குப் புதிதாக ஒரு குட்டி வந்திருக்கிறது, பார்க்க ஒருவரைக் கூட்டிப் போகிறேன் என்றார். பைக்கில் ஓர் ஆளுக்குத்தான் இடம். எனக்கு மூத்தவன் ஓர் அண்ணன்.

"அண்ணன் போகட்டும். நீ விட்டுக்குடு கண்ணு" என்றாள் அம்மா.

எங்கள் வீட்டில் அந்தச் சொல் உப்பு மாதிரி, எல்லாவற்றிலும் கொஞ்சம் விழும். கடைசித் துண்டு மீனுக்கு விட்டுக்கொடு, பஸ்ஸில் ஜன்னலுக்கு விட்டுக்கொடு. அன்றைக்கு நான் முடியாது என்றேன். மாமாவுக்குச் சிரிப்பு. "செரி, ஓட்டப் பந்தயம் வெச்சுக்கலாம். ஜெயிக்கறவங்க வண்டீல ஏறுங்க" என்றார்.

எஸ்டேட்டில் மேடு பள்ளம் இல்லாத இடம் என்றால் ஃபேக்டரிக்கு முன்னால் போகும் சாலை மட்டும்தான். மாமா கயிறு பிடித்து நூறு மீட்டர் அளந்து இரண்டு முனையிலும் கோடு போட்டார். நாங்கள் ஓடினோம். அண்ணன் கோட்டைத் தொட்டபோது "நில்லு!" என்று கத்தினார். நான் நின்ற இடத்திலிருந்து கோட்டுக்குச் சரியாகப் பத்து மீட்டர் இருந்தது.

வேடிக்கை பார்த்த பெண்கள் விடவில்லை. "ஏனுங்க, அவன் பெரிய பையன். இது எந்த ஊர் நாயமுங்க?" என்றாள் ஒருத்தி.

மாமா யோசித்தார். "அப்பறம் என்ன, பத்து மீட்டர் விட்டுக்குடுடா" என்றார். அண்ணன் பெரிய மனிதன்போல் கையை வீசிக்கொண்டு, புறப்படும் கோட்டுக்குப் பத்து மீட்டர் பின்னால் போய் நின்றான். எல்லோருக்கும் மனம் குளிர்ந்துவிட்டது. "இப்ப ரெண்டும் சமம்" என்றார்கள்.

அந்த மாதம்தான் பள்ளியில் விகிதம் நடத்தியிருந்தார்கள். அவன் நூறு ஓடும்போது நான் தொண்ணூறு. அப்படியென்றால் அவன் நூற்றுப்பத்து ஓடும்போது நான் தொண்ணூற்றொன்பது. கோட்டுக்கு ஒரு மீட்டர் முன்னால் நான் இருக்கும்போது அவன் கோட்டைத் தொட்டிருப்பான். அவனைக் கோட்டிலேயே நிறுத்தி என்னைப் பத்து மீட்டர் முன்னால் விட்டால்தான் அவனுக்கு நூறு, எனக்குத் தொண்ணூறு. சேர்ந்து போய்ச் சேருவோம்.

"மாமா, இப்படி ஓடுனா நான் ஒரு மீட்டர்ல தோத்துருவேனுங்க. என்னை முன்னால விடுங்க."

"முன்னால போனாலும் பத்து, பின்னால போனாலும் பத்துதானே சாமி?"

"இல்லீங்க."

"அட, வாயப் பாரு. ஓடு புள்ள!" என்றாள் அம்மா.

நான் கோட்டின் மேலேயே சம்மணம் போட்டு உட்கார்ந்தேன். ஓடாவிட்டால் அண்ணன் ஜெயித்ததாக அர்த்தம் என்றார் மாமா. "ஓடாமத் தோக்கறேன். ஓடித் தோக்கமாட்டேன்" என்றேன்.

"தோத்தாங்குளி!" என்று கத்திக்கொண்டே அண்ணன் பைக்கில் ஏறினான். வண்டிச் சத்தம் வளைவுக்கு அப்பால் போகும்வரை நான் எழுந்திருக்கவில்லை.

பொழுது சாய்வதற்குள் திரும்பிவிட்டார்கள். குட்டி தன் சட்டையைப் பிடித்து இழுத்ததை அண்ணன் நான்கு வீடு கேட்கச் சொன்னான். மாமா டீ தம்ளரோடு அம்மாவிடம் சொல்லிக்கொண்டிருந்தார்: "இத்தனை புடிவாதம் ஆகாதுக்கா. பொட்டப்புள்ள கொஞ்சம் விட்டுக்குடுத்துத்தான் போகோணும்."

அம்மா அடுப்பிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "நானும் விட்டுக்குடுத்தவதானே தம்பி. எத்தனை மீட்டர்னு யாரு அளந்தா?"

மாமா டீயை ஆறவிட்டார். அம்மா எப்போது மாமாவோடு ஓடினாள், எந்த ரோட்டில் ஓடினாள் என்று கேட்க நினைத்தேன். அவள் முகத்தைப் பார்த்துவிட்டுக் கேட்கவில்லை.

இப்போது என் மகள் ஆறாம் வகுப்பு. போன வாரம் தேர்வில் இதே கணக்கு வந்தது. ஆசிரியையின் விடைக்குறிப்பில் 'சமம்' என்று போட்டிருக்கிறது. அப்படியே திருத்தி எழுதினால் மதிப்பெண் என்றாராம். இவள் எழுதவில்லை. முதலில் எழுதிய 'ஒரு மீட்டர்' என்பதை ஆசிரியை அடித்ததற்குக் கீழே மறுபடியும் அதையே எழுதி வைத்திருக்கிறாள். நாளை என்னைப் பள்ளிக்கு வரச் சொல்லியிருக்கிறார்கள். நல்ல ஆசிரியை, அவர் மனம் கோணக் கூடாது என்றும் நினைக்கிறேன். வருடம் முழுவதும் மகள் அவரிடம்தானே படிக்க வேண்டும் என்றும் பயமாக இருக்கிறது. தாளைத் திரும்பத் திரும்பப் பார்க்கிறேன். கணக்கு சரியாகத்தான் இருக்கிறது.

அங்கே போய் என்ன பேசுவது, திரும்பி வந்து இவளிடம் என்ன சொல்வது என்று தெரிந்தவர்கள் சொல்லுங்கள். எதை வேண்டுமானாலும் சொல்லுங்கள், கேட்டுக்கொள்கிறேன். விட்டுக்கொடு என்று மட்டும் சொல்லாதீர்கள்.