பிறந்தநாளில் எடுத்த படம்

அந்தப் பெண்ணை வீட்டுக்கு அனுப்பினேனா, காட்டிக்கொடுத்தேனா? இன்றுவரை தெரியவில்லை.

மகளின் முதல் பிறந்தநாளன்று, சிதம்பரம் பேருந்து நிலையத்தில் ஆதரவின்றிக் கிடப்பவர்களுக்குச் சாப்பாட்டுப் பொட்டலம் கொடுத்தோம். தனக்குத்தானே பேசிக்கொண்டிருந்த ஒரு பெண், "போட்டோ வேணாம் பாப்பா, அவரு பாத்துடுவாரு" என்று முகத்தை மூடிக்கொண்டார். ஏதோ உளறுகிறார் என்று நினைத்தேன். பொட்டலம் வாங்கக் கையை எடுத்தபோது படம் பிடித்து, வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் வைத்துவிட்டேன்.

படம் கைமாறிப் போயிருக்கிறது. மறுநாள் ஒருவர் என் எண்ணை விசாரித்துப் போன் செய்தார். "அது என் சம்சாரம்மா. வைத்தியம் பாக்கணும், எங்க இருக்குது?" மகிழ்ச்சியோடு இடத்தைச் சொன்னேன்.

அடுத்த வாரம் பேருந்து நிலையத்துக்குப் போனபோது அந்தப் பெண் இல்லை. அங்கிருந்த பூக்காரம்மா, "ஒரு ஆளு இழுத்துட்டுப் போனான். வரமாட்டேன்னு கத்துச்சு. பைத்தியம்தானேன்னு யாரும் கேக்கல" என்றார். எனக்குப் போன் செய்தவரின் எண்ணில் இப்போது யாரும் எடுப்பதில்லை.

இப்போதெல்லாம் சாப்பாடு மட்டும்தான் கொடுக்கிறேன்; போனை வெளியே எடுப்பதில்லை. அந்தப் பெண் நலமா என்று யாரிடம் போய்க் கேட்பது? தெரிந்தவர்கள் சொல்லுங்களேன்.