பிள்ளை பிடிக்கும் மாதம்

மே மாதம் ஊரே கொடைக்கானல் போகும்; அரசுப் பள்ளி டீச்சர்களாகிய நாங்கள் பிள்ளை பிடிக்கப் போவோம். வேடசந்தூர்ப் பக்கத்துத் தொடக்கப் பள்ளி எங்களுடையது. எச்.எம்.மும் நானும்தான் மொத்த ஸ்டாஃப். ஒன்றாம் வகுப்புக்கு ஆள் சேராவிட்டால் பள்ளியையே மூடிவிடுவார்கள் என்று பேச்சு. குடையோடு வீடு வீடாக ஏறி இறங்கும் சக பாவிகளே, உங்களுக்கு நான் சொல்லவா வேண்டும்.

வேன்

முதல் வீடு, தக்காளி போடும் விவசாயி. பள்ளி அவர் வீட்டிலிருந்து கூப்பிடு தூரம். எச்.எம். மூச்சு விடாமல் இலவச நோட்டு, காலைச் சாப்பாடு என்று அடுக்கினார். மனிதர் மோர் கொடுத்து, பொறுமையாகக் கேட்டு, கடைசியில் சொன்னார்:

“படிப்பெல்லாம் அப்புறம் பாத்துக்கலாம் சார். மொதல்ல வாசல்ல வேன் வந்து நிக்குமா, அதைச் சொல்லுங்க.”

என் மகன்

அடுத்த வீட்டில் ஓர் அக்கா பூக் கட்டிக்கொண்டிருந்தார். அரசுப் பள்ளியின் அருமையை நான் விளக்க, அவர் தலை நிமிராமல், “உங்க பையன் எங்கன படிக்கிறான் டீச்சர்?” என்றார். திண்டுக்கல்லில், சிபிஎஸ்இ என்று நான் முனகியது எச்.எம்.முக்கே கேட்கவில்லை. அக்காவுக்குக் கேட்டுவிட்டது.

“அப்ப அந்தப் பள்ளிக்கூடத்துப் பேரைச் சொல்லிட்டுப் போங்க.”

சங்கடம்

பெரிய தெருவில் சேர் போட்டு, காபி கொடுத்தார்கள். எங்கள் பள்ளியில் காலனிப் பிள்ளைகள்தான் அதிகம். காலைச் சாப்பாடு சமைப்பவரும் காலனிக்காரர். வீட்டுக்காரர் சுற்றி வளைத்து அங்கேதான் வந்து நின்றார். அவருடைய ஐந்து வயது மகன் பக்கத்தில் நிம்மதியாக மூக்கைக் குடைந்துகொண்டிருந்தான். எனக்கு வந்த கோபத்தில் காபியைப் பாதியில் வைத்துவிட்டேன்.

“நாங்க வித்தியாசமெல்லாம் பாக்குறதில்ல டீச்சர். பையன்தான் சங்கடப்படுவான்.”

வரிசை

கடைசியாகக் காலனி. மில்லில் ஷிஃப்ட் முடிந்து அப்போதுதான் வந்திருந்தார் செல்வி. எங்கள் பள்ளியில் படித்தவர்தான். ஆனால் மகளுக்கு வேன் ஸ்கூல்தான் என்று பிடிவாதமாக இருந்தார். “பெரிய தெருவுல யாரும் சேரலையா?” என்று கேட்டார். போச்சு, இதுவும் போச்சு என்று நினைத்தேன். பொய் சொல்ல வாய் வரவில்லை. ஒருத்தர்கூட இல்லை என்றேன்.

“அவுகளோட படிச்சப்ப அஞ்சு வருசமும் என்னையக் கடைசி வரிசையிலதான் உக்கார வச்சாக. அப்ப எம் மகளைச் சேத்துக்கங்க டீச்சர், அவ முத வரிசையில உக்காரட்டும்.”

ஜூனில் பள்ளியைத் திறந்துவிட்டோம். ஒன்றாம் வகுப்பில் இந்த வருஷம் இருப்பதே ஒரு வரிசைதான், அது முதல் வரிசை.