லூசியா அக்கா போட்ட இரண்டாவது இலை

அன்று எங்கள் வீட்டில் இருந்தவர்கள் நான், என் கணவர், கீழ்வீட்டு ரதி. வீட்டுக் கணக்கு எழுதிப் பழகிய கை. யார் யார் இருந்தார்கள் என்று முதலில் எழுதிவிட்டால்தான் எனக்கு மற்றது ஓடும். வெள்ளிக்கிழமை, தேவாரம் படித்து முடிந்திருந்தது. கற்பூரத் தட்டு இன்னும் என் கையில் இருந்தது. தொலைபேசியை எடுத்த கணவர் "மொனிக்" என்று மட்டும் சொல்லி என்னிடம் நீட்டினார். மொனிக் லூசியா அக்காவின் ஒரே மகள், ஆற்றுக்கு அந்தப் பக்கம் புரோசார்ட்டில் இருப்பவள். தமிழ் கேட்டால் அவளுக்கு விளங்கும். பதில் எப்போதும் பிரெஞ்சில்தான் வரும். அன்று "மாமி, அம்மா போயிட்டாங்க" என்று தமிழில் சொன்னாள். அதைக் கேட்டதும் கற்பூரத் தட்டை ரதியிடம் கொடுத்துவிட்டு உட்கார்ந்தேன்.

லூசியா அக்காவை உங்களில் பலர் செயின்ட்-மிஷேலில் கண்டிருப்பீர்கள். மாதா கோயிலில் கண்டவர்கள் உண்டு, எங்கள் முருகன் கோயில் அன்னதானத்தில் அப்பளம் பொரித்துக்கொண்டு நின்றதைக் கண்டவர்களும் உண்டு. காரைக்கால்காரர். ஓய்வு பெறும்வரை ஒரு கார்தெரியில், பெற்றோர் வேலைக்குப் போகும்போது பகலில் விட்டுப்போகும் பிள்ளைகளுக்குச் சமைத்தவர். அவருடைய அப்பாவைப் பற்றித் தெரிந்தவர்கள்தான் குறைவு. ஆகவே அதையும் எழுதுகிறேன்.

அக்கா தாயின் வயிற்றில் இருந்தபோதே அப்பா மடகஸ்காருக்குப் போய்விட்டார். பிரெஞ்சுக்காரரின் விமானத் தளத்தில் வேலை. பிறகு பிரான்ஸ் ஜெர்மனியிடம் விழுந்தது. புதுச்சேரியும் காரைக்காலும் ஆங்கிலேயரோடு சேர்ந்த பிரெஞ்சுப் பக்கம் போயின. அப்பா நின்ற தீவோ ஜெர்மனிக்குப் பணிந்த பிரெஞ்சு அரசின் கீழ் இருந்தது. ஊர் ஒரு பக்கம், அப்பா மறுபக்கம். ஆயிரத்துத் தொளாயிரத்து நாற்பத்திரண்டு மே மாதம் ஆங்கிலேயர் தியேகோ சுவாரெஸ் துறைமுகத்தைப் பிடிக்க வந்தார்கள். அந்தச் சண்டையில் அவர் இறந்தார். தனக்கு ஒரு மகள் பிறந்தது அவருக்குத் தெரியுமா என்பதுகூட அக்காவுக்குத் தெரியாது.

இதை முதல் முதலாகக் கேட்டபோது நான் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்கவில்லை. என் அப்பா திருகோணமலைத் துறைமுகத்தில் கடற்படைப் பண்டகசாலையில் வேலை செய்தவர். ஆங்கிலேய விமானிகளைப் பற்றி அவர் பெருமையாகச் சொல்லக் கேட்டு வளர்ந்தவள் நான்.

"ஓம் அக்கா, மடகஸ்காரிலை சண்டை பிடிச்ச விமானக் கப்பல் பேந்து எங்கடை திருகோணமலைக்கும் வந்ததாம். அப்பாதான் சாமான் ஏத்தி விட்டவராம்" என்று சொல்லிவிட்டேன். சொன்ன பிறகுதான் உறைத்தது.

அக்கா தேநீரை வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். பிறகு தோள் குலுங்கச் சிரித்தார். "அப்போ உங்கப்பா அவனுக்குச் சோறு போட்டாரு, எங்கப்பா அவன்கிட்ட குண்டு வாங்கினாரு. நாம சம்பந்தி ஆயிட்டோம்டி பரமேசு!"

அந்தச் சண்டையை அவர் எனக்குக் காட்டியது என் சமையல் மேசையில். நூலகத்தில் பிரெஞ்சுப் புத்தகங்களை வருடக்கணக்காகப் படித்திருந்தார். சுளகைக் கவிழ்த்துத் தீவாக்கினார். தள்ளி இரண்டு சட்டி மூடிகள், அவை விமானந்தாங்கிக் கப்பல்கள். பச்சை மிளகாய் பிரெஞ்சுக்காரரின் மொரான் விமானம், அக்கா பீன்ஸ் என்று சொல்லும் போஞ்சிக்காய் ஆங்கிலேயரின் மார்ட்லெட். முதல் நாள் விடியலில் குண்டு போட்டு, தளத்தில் நின்ற விமானங்களில் பலதைத் தரையிலேயே எரித்துவிட்டார்கள். மிஞ்சிய மொரான்கள் சில வேறொரு திடலிலிருந்து எழும்பின. அக்காவின் அப்பாவையும் அங்கேதான் கொண்டுபோயிருந்தார்கள்.

"எங்கப்பாவுக்கு என்ன வேலை தெரியுமா? சக்கரத்துக்கு முன்னாடி கட்டை வச்சிருப்பாங்க. அதை இழுத்து விட்டாதான் விமானம் நகரும்" என்று மிளகாயை விரலால் தள்ளினார். மேலே வெயிலுக்குள்ளிருந்து போஞ்சிக்காய்கள் இறங்கின. மிளகாய் சுற்றிச் சுற்றித் திரும்பியது. பின்னால் ஒரு போஞ்சிக்காய் விடாமல் ஒட்டிக்கொண்டே வந்தது. மிளகாய் சுளகின் ஓரத்தில் விழுந்தது. "இவன் திரும்பி வரலை. கட்டையை இழுத்துவிட்ட ஆளு, பையன் வருவான்னு திடல்லயே வானத்தைப் பாத்துக்கிட்டு நின்னாராம். வந்தது பீன்ஸ். திடலைச் சுட்டுட்டுப் போச்சு." கூட நின்று உயிர் தப்பிய ஒருவர் பிறகு காரைக்காலுக்கு வந்து அக்காவின் அம்மாவிடம் சொன்னது அவ்வளவுதான்.

நான் கண்ணைத் துடைத்தேன். அக்கா மேசையைப் பார்த்தார். "அழுதது போதும். ரெண்டு படையையும் அரிஞ்சு குழம்புல போடு."

நான்தான் கேட்டேன், அப்பாவுக்குத் திவசம் ஒன்றும் செய்வதில்லையா என்று. மாதா கோயிலில் பூசைக்குக் கொடுப்பேன், அவ்வளவுதான் என்றார். எங்கள் வழக்கத்தில் இறந்தவருக்குப் பிடித்ததைச் சமைத்து இலையில் படைப்போம் என்றேன். அந்த மே மாதமே தமிழ்க் கடையில் வாழையிலை வாங்கி, என் வீட்டில் படைத்தேன். சோறு, பருப்பு, கத்தரிக்காய்க் குழம்பு, ஊறுகாய். அக்கா இலையைப் பார்த்துக்கொண்டே நின்றார்.

"எல்லாம் சரி. மீன் எங்க?"

"அக்கா, நான் தீட்சை கேட்டவள். என்ரை அடுப்பிலை மச்சம் ஏறாது."

"எங்கப்பா காரைக்கால்காரரு. மீன் இல்லாம கூப்பிட்டா வாசல்லயே திரும்பிடுவாரு" என்று சொல்லித் தன் வீட்டுக்குப் போனார். திரும்பி வந்தபோது கையில் ஒரு மண்சட்டி இருந்தது. பின் பல்கணியில் நின்றபடியே இலையை வாங்கி, அங்கேயே மீன்குழம்பை ஊற்றினார். அந்த வருடத்திலிருந்து படையல் பல்கணிக்குப் போய்விட்டது.

அடுத்த வருடம் "இன்னொரு இலை போடு" என்றார்.

"ஆருக்கு?"

"அங்க செத்த இங்கிலீஷ்காரப் பசங்களுக்கு. அவங்களுக்கும் யாராச்சும் கட்டையை இழுத்து விட்டிருப்பான்ல?"

எனக்கு முதலில் மனம் ஒப்பவில்லை. தகப்பனைக் கொன்றவனுக்குத் தகப்பனுக்குப் பக்கத்திலேயே இலையா? அக்கா தானே இலையைக் கழுவி, துடைத்து, பக்கத்தில் விரித்தார். நான் பழக்கத்தில் இரண்டிலும் மாங்காய் ஊறுகாயை வைத்துவிட்டேன். "அடியேய், எடு எடு! இதைத் தின்னா அவன் இன்னொரு தரம் செத்துடுவான்" என்று ஊறுகாயை வழித்து எடுத்துவிட்டு, அவித்த உருளைக்கிழங்கும் வெண்ணெயும் வைத்தார். என் கணவர் சிரிப்பை அடக்க உள்ளே போய்விட்டார்.

ஒரு நவம்பரில் மெட்ரோ வாசலில், போரில் இறந்தவர்களின் நினைவாகக் குத்திக்கொள்ளும் சிவப்புப் பொப்பிப் பூ விற்ற முதிய போர்வீரர் ஒருவரிடம் அக்கா பூ வாங்கினார். உங்கள் வீட்டில் யாராவது போரில் இருந்தார்களா என்று அவர் கேட்டார். அப்பா, மடகஸ்காரில், உங்களுக்கு எதிர்ப்பக்கம் என்றார் அக்கா. அங்கே சண்டை நடந்ததாகத் தான் கேள்விப்பட்டதே இல்லை என்றார் அந்த மனிதர். அக்கா பூவைச் சட்டையில் குத்திக்கொண்டே என்னிடம் தமிழில் சொன்னார்: "யாரும் கேள்விப்படாத சண்டைன்னு எங்கம்மாகிட்டப் போய்ச் சொல்ல முடியுமா?"

அடக்கம் முடிந்த மறுவாரம் மொனிக் வந்தாள். அம்மாவின் மண்சட்டியைத் துணியில் சுற்றி எனக்கென்று கொண்டு வந்தாள். மே மாதம் இலைகள் போடுவீர்களா, அம்மாவுக்கும் ஒன்று போடலாமா என்று பிரெஞ்சில் கேட்டாள். என் பிரெஞ்சு மூலைக்கடைத் தெப்பனேரில் பால் வாங்க மட்டும் காணும், ஆனாலும் விளங்கியது. ஓம் என்று சொல்லிவிட்டேன்.

வானத்தில் பறந்தவர்களின் பெருமையை மட்டும் கேட்டு வளர்ந்தவள் நான். திடலில் நின்று அண்ணாந்து பார்த்தவரின் கண்ணை எனக்குத் தந்துவிட்டுப் போனவர் லூசியா அக்கா. அதையும் மண்சட்டியையும் வைத்திருக்கிறேன். சட்டி பல்கணியில் இருக்கிறது. வீட்டுக்குள் எடுக்க எனக்கு நியமம் இடம் தரவில்லை. முருகனிடம் கேட்டுப் பார்த்தேன். தீட்சையை விடச் சொல்லி அவன் சொல்லவில்லை, இலையை நிறுத்தச் சொல்லியும் சொல்லவில்லை. மீன்குழம்பைக் கடையில் வாங்கலாமே என்கிறார் கணவர். கடைக்குழம்பை அக்காவின் இலையில் வைக்க என்னால் முடியாது. மொனிக்குக்குச் சமைக்கத் தெரியாது. மீன் இல்லாமல் படைத்தால் அப்பாவும் மகளும் வாசலிலேயே திரும்பிவிடுவார்கள்.

ஆகவே லூசியா அக்காவை அறிந்தவர்களிடம் கேட்கிறேன். மே மாதப் படையலுக்கு, உங்கள் வீட்டு அடுப்பில் அந்தச் சட்டியில் மீன்குழம்பு வைத்து என் பின் பல்கணிக்குக் கொண்டுவர உங்களில் யாரால் முடியும்? அவ்வளவு தூரம், லவாலில் இருந்தாலும் பரவாயில்லை, சட்டியை நானே கொண்டுவந்து தருவேன். மொனிக்குக்கு நான் வாக்குக் கொடுத்துவிட்டேன். தயவுசெய்து சீக்கிரம் பதில் சொல்லுங்கள்.