மாமி போட்ட வரவு

சென்ற வாரம் அலுமாரியில் கறையான் ஏறிவிட்டதென்று எல்லாவற்றையும் வெளியே எடுத்துப் போட்டபோது, நீல மட்டை போட்ட அந்த வரவு இடாப்பு என் கையில் வந்தது. பள்ளிக்கூடத்தில் பிள்ளைகளுக்கு வரவு போடுகிற அதே இடாப்புத்தான். ஆனால் பெயர் எழுதும் இடத்தில் "பெரியவர்", "மீசைக்காரர்", "சைக்கிள் தம்பி" என்று மாமியின் உருண்டையான எழுத்தில் மூன்று பொலிஸ்காரர்கள் வரிசையாக இருந்தார்கள். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. ஒரு காலத்தில் அந்த மூன்று பேரின் மோட்டார் சைக்கிள் சத்தம் கேட்டாலே கையில் இருப்பதைப் போட்டுவிட்டு எழும்பி நிற்பேன்.

மாமி என்றால் என் மனைவியின் தாய். முப்பது வருடம் கீழ்வகுப்பு டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவர். எங்கள் பக்கத்து வழக்கப்படி வீடு பெண்ணுக்கு. வாகரையில் பிறந்த நான் செங்கலடியில் அவர்களின் வீட்டுக்கு வந்து சேர்ந்த ஆள். மாமி என்னோடு நேரே கதைப்பதில்லை. எனக்குச் சொல்ல வேண்டியதை, நான் பக்கத்தில் இருக்கும்போதே மகளிடம் சொல்வார். "புள்ள, அவர்ர சேட்டுல பொத்தான் கழண்டு கிடக்கு" என்பார். என்னை அவருக்குப் பிடிக்கவில்லை என்றே நெடுங்காலம் நினைத்திருந்தேன்.

சந்தியில் எனக்கு ஒரு போட்டோ கொப்பிக் கடை. கடை வாசலில் ஒரு மரக்கறி வியாபாரியைப் பொலிஸ்காரர் அடித்ததைக் கண்டேன். அந்த வியாபாரி போட்ட முறைப்பாட்டுக்குச் சாட்சியாக, கண்டதைக் கண்டபடி சொல்லிக் கையெழுத்து வைத்தேன். அன்று தொடங்கியது வினை. வாரத்தில் மூன்று நாள் வீட்டுக்கு வருவார்கள். "சும்மா ஒரு விசாரணை, வா." கடிதம் கிடையாது, காரணம் கிடையாது. பின்னேரம் வரை பொலிஸ் நிலையத்து வாங்கில் இருத்தி வைப்பார்கள். சாட்சியத்தை வாபஸ் வாங்கினால் தொல்லை இல்லை என்று யாராவது மெல்லச் சொல்வார்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை, மனைவி பார்த்துக்கொண்டிருக்கச் சேட்டைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனார்கள். திரும்பி வந்ததும், எல்லாவற்றையும் விட்டுவிட்டு வாகரைக்கே போய்விடுவதென்று உடுப்பை மடிக்கத் தொடங்கினேன். மாமி அறை வாசலில் வந்து நின்றார். "புள்ள, அவர் ஒரு இடமும் போகத் தேவல்ல. கோட்டுக்குப் போவம் எண்டு சொல்லு." கையில் இந்த இடாப்பு இருந்தது. முதல் நாளிலிருந்தே வைத்திருக்கிறார்.

சட்டத்தரணி அதைப் பார்த்து மலைத்துப்போனார். வந்த நாளுக்கு ஒரு சரி, நேரம், வாகன இலக்கம். வராத நாளுக்குச் சிவப்பு மையில் சைபர். ஆனால் பள்ளிக்கூட இடாப்பில் சனி, ஞாயிறுக்குக் கட்டம் இல்லை, மாமியும் போடவில்லை. எங்களுடைய பெரிய முறைப்பாடே அந்த ஞாயிறுதான். அதையும் ஓரத்தில் எழுதச் சொல்லி மனைவியிடம் கெஞ்சினேன். "மறுகா, நாள் கழிச்சுப் போடுற வரவு கள்ள வரவு, புள்ள" என்று சொல்லி மாமி இடாப்பை மூடிவிட்டார். எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. என் பிழைப்பே போகிறது, இந்த மனுசி பள்ளிக்கூடம் நடத்துகிறாவே என்று பொருமினேன்.

மனு கொழும்பு உயர் நீதிமன்றத்துக்குப் போனது. இடாப்பு வழக்குக்காகச் சோடித்தது என்றது எதிர்த்தரப்பு. எங்கள் சட்டத்தரணி சிவப்புச் சைபர்களைத்தான் காட்டினார். சோடிக்கிறவர் வராத நாளை வரவில்லை என்று எழுதுவாரா, பெரிய முறைப்பாடான ஞாயிற்றுக்கிழமையை விட்டுவைப்பாரா என்று கேட்டார். கடைசியில், எழுத்தில் அழைப்பு இல்லாமல் என்னைக் கூப்பிடவோ வீட்டுக்கு வரவோ மாட்டோம் என்று பொலிஸ் தரப்பு உறுதி கொடுத்தது. நீதிமன்றம் அதைப் பதிந்துகொண்டது. அப்பாடா என்றிருந்தது. திரும்பும் பஸ்ஸில் மன்னம்பிட்டி தாண்டும் வரை அடித்துப் போட்டாற்போல் நித்திரை.

மாமி இப்போது உன்னிச்சையில் மூத்த மகளோடு இருக்கிறார். கறையான் மண்ணைத் தட்டிவிட்டு, வழக்குக்குப் பிரதி எடுத்த பக்கங்களைத் தாண்டிப் புரட்டினேன். மூவருக்கும் நேரே சைபர், சைபர், சைபர். அவர்களுக்குக் கீழே நாலாவதாக "மருமகன்" என்று ஒரு பெயர். நான் வீடு திரும்பிய நேரத்தோடு ஒவ்வொரு நாளும் ஒரு சரி. வெள்ளிக்குப் பிறகு அடிமட்டம் வைத்து இரண்டு கட்டம் கூடுதலாகக் கீறி, சனிக்கும் ஞாயிறுக்கும்கூடப் போட்டிருந்தார்.

எனக்குக் கண் கலங்கிவிட்டது. உடனே போன் எடுத்து, "மாமி, இடாப்பு கறையானுக்குத் தப்பிற்று" என்றேன். மாமி, மகளைக் கூப்பிடாமல், நேரே என்னிடமே கேட்டார்.

"மகன், கடை பூட்டி வீட்ட வந்திட்டீங்களா?"

"ஓம் மாமி, வந்திட்டன்" என்றேன்.