மக்கள் நீதிமன்றத்துக்குப் போன மக்கள்

கிருஷ்ணமணி சொந்த வண்டியில் ஏத்தன் வாழைக்குலை ஏற்றிக் களியக்காவிளைச் சந்தைக்குக் கொண்டுபோகிற ஆள். வண்டி கவிழ்ந்து கால் முறிந்ததில் எட்டு மாதம் படுக்கை. எழுந்து இப்போதுதான் ஸ்டியரிங்கைத் தொட்டிருக்கிறான். அதற்குள் வீட்டுக்கடன் முடங்கி, வட்டியும் அபராத வட்டியும் குட்டி போட்டு, பாக்கி இரண்டே முக்கால் லட்சத்தில் நின்றது. அடுத்த மாதம் வீடு ஏலம் என்று கடன் கம்பெனி எழுதிவிட்டது. அந்த நேரத்தில்தான் பத்மநாபபுரம் கோர்ட்டிலிருந்து ஒரு நோட்டீஸ் வந்தது.

நாலாம் வகுப்போடு நின்றவன், எழுத்துக்கூட்டி வாசித்தான். 'மக்கள் நீதிமன்றத்தில் ஆஜராக வேண்டும்.' அந்தப் பக்கத்துப் பேச்சில் மக்கள் என்றால் பெற்ற பிள்ளைகள். அவனுக்கு இரண்டு. ஆறாவது படிக்கும் சிவபிரசாத், நாலாவது படிக்கும் சபிதா.

"ஏட்டி, கடனை நம்ம மக்களுக்க தலையில கெட்டப் பாக்கானுவ," என்றான் மனைவி பகவதியம்மாளிடம்.

"கூட்டிட்டுப் போங்க. ஒளிச்சு வச்சா அதுக்கும் கேஸ் போடுவானுவ," என்றாள் அவள். முந்திரி உடைக்கிற அண்டி ஆபீஸில் அவளுக்கு லீவு கிடைக்கவில்லை.

சனிக்கிழமை பிள்ளைகள் இருவருக்கும் யூனிபார்ம் மாட்டி, ஆதார் கார்டுகளோடு போனான். பெயரைக் கூப்பிட்டதும் நொண்டிக்கொண்டு போய் நீதிபதி முன் நின்றான்.

"அம்மா, கடன் வாங்குனது நானாக்கும். என்னைப் பிடிச்சு உள்ள போடுங்க. இதுகளுக்க பேரை மட்டும் எழுதாதீங்க."

நீதிபதி விழித்தார். இலவச சட்ட உதவி வக்கீல் ஜேசுதாஸ் உள்ளூர்க்காரர், அவருக்குத்தான் விளங்கியது. "ஓய், மக்கள்னா ஊர் ஜனம். பேசித் தீர்க்குற இடமாக்கும் இது. உம்ம மக்களை யாரு கேட்டா?"

கோர்ட்டே சிரித்தது. கிருஷ்ணமணிக்கு வெட்கம் பிடுங்கித் தின்றது. ஆனாலும் பாதிப் பாரம் அப்போதே இறங்கிவிட்டது.

அபராத வட்டியைத் தள்ளிவிடுகிறோம், மற்றதில் பாதியை ஒரே மாதத்தில் கட்டணும், மீதியைத் தவணையில் கட்டலாம் என்றார் சென்னையிலிருந்து வந்த கம்பெனி அதிகாரி.

"ஒரு மாசத்துல எங்கேருந்து சாரே? ஓணம் வரட்டும், தாறேன்."

"ஓணத்துக்கும் கடனுக்கும் என்னய்யா சம்பந்தம்?"

"கேரளாக்காரனுக்கு உப்பேரி, அதான் சிப்ஸ், வறுக்க ஏத்தங்காய் வேண்டாமா? வாழைக்கு அப்பத்தான் விலை. வீட்டை ஏலம் போட்டா ஒருக்காத்தான் துட்டு. என்னை வண்டி ஓட்ட விட்டா, கடன் தீருற வரைக்கும் மாசாமாசம் வருமே."

நீதிபதி அதிகாரியைப் பார்த்தார். "அவர் சொல்றது நியாயம்தானே?"

அதிகாரி வெளியே போய் மேலிடத்துக்குப் போன் போட்டுவிட்டு வந்தார். ஓணம் முடிந்த வாரம் பாதி, மீதி ஆறு தவணை, ஏலம் நிறுத்தம். அப்படியே எழுதி இரண்டு தரப்பும் கையெழுத்துப் போட்டது.

வாசலுக்கு வந்து மனைவியைப் போனில் பிடித்தான்.

"ஏட்டி, ஏலம் இல்ல. வீடு நமக்குத்தான்."

மறுபக்கம் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது.

"அழுறியா?"

"இல்ல. அண்டிப் புகை, கண்ணு எரியுது."

"சரி, மூக்கைச் சிந்திட்டு வேலையைப் பாரு. ஓணத்துக்கு ரெண்டரை மாசந்தான் இருக்கு. நாளைக்கு விடியுமுன்ன எழுப்பிவிடு, லோடு ஏத்தணும்."