பச்சை மைக் கையெழுத்து

பொத்தான்கடை அக்காவுக்கு எழுதுவதென்றால் உயிர். சீக்கிரமே பள்ளிக்கூடத்தை விட்டவள்தான். ஆனால் எழுத்து முத்துமுத்தாக இருக்கும். மத்தியான வெயில் ஜன்னல் வழியே சாய்ந்து விழும்போது, கண்ணாடி டப்பாக்களில் பொத்தான்கள் தண்ணீருக்கடியில் கிடப்பவைபோல மினுங்கும். கடைக்கு யாரும் வராத நேரம் அது. வருஷக் கடைசியில், அழுக்கேறிய கணக்கு நோட்டைப் பார்த்துப் புது நோட்டில் எழுத உட்காருவாள். எழுத எழுதத் தன்னையே மறந்துவிடுவாள். முடிந்ததும் பழைய நோட்டைக் கிழித்து, பொத்தான் மடித்துக் கொடுக்க வைத்துக்கொள்வாள்.

"அண்ணி, ஆள் நிக்குது. நீங்க எந்த லோகத்துல இருக்கீங்க?" என்று கூடவே கடை பார்க்கும் நாத்தனார் உலுக்குவாள்.

சட்டைக் கம்பெனிக்காரர் பெட்டி பெட்டியாகக் கடனுக்குப் பொத்தான் எடுத்தவர். எடுக்கும்போதெல்லாம் நோட்டில் கையெழுத்துப் போடுவார். ஒருநாள், "பாக்கியா? எந்தப் பாக்கி?" என்று கையை விரித்துவிட்டார். அந்தப் பணம் வராவிட்டால் வாடகை கட்ட முடியாது. கட்டடக்காரர் கடையைப் பூட்டிவிடுவதாகச் சொல்லியிருந்தார். வேறு வழியில்லாமல் வழக்குப் போட்டார்கள்.

வக்கீல் நோட்டைப் புரட்டினார். "கையெழுத்து, கணக்கு எல்லாமே ஒரே மையில இருக்கேம்மா?"

"கையெழுத்தையும் பார்த்துத்தான் எழுதினேன்," என்றாள் அக்கா மெதுவாக. "அதை மட்டும் விட்டா கணக்கு மூளியா இருக்காதா?"

வக்கீல் தலையில் கை வைத்துக்கொண்டார். "ஐயோ! அசல் எங்கே?"

"ஊருக்கே மடிச்சுக் குடுத்தாச்சு சார்," என்றாள் நாத்தனார். "நம்மகிட்டதான் இல்லை."

"கோர்ட்டுல கேட்டா உள்ளதைச் சொல்லிடுங்க. மறைச்சா எல்லாமே போயிடும்."

அதற்குப் பிறகு தெருவில் நடக்கும்போதெல்லாம், ஒவ்வொரு வீட்டிலும் ஒரு தையல் பெட்டி, அதற்குள் சுருண்டு தூங்கும் தன் எழுத்து என்று அவளுக்குத் தோன்றும். கதவைத் தட்டி எழுப்பினால் வந்துவிடும் போலிருக்கும். தட்டத்தான் கூச்சம்.

கோர்ட்டில் எதிர்த்தரப்பு வக்கீல் நோட்டைத் தூக்கிக் காட்டினார். "இந்தக் கையெழுத்தைப் போட்டது யார்?"

"நான்தாங்க." அவள் குரல் அவளுக்கே கேட்கவில்லை. "அழகா வரணும்னு நிறுத்தி நிதானமாப் போட்டேன்."

எல்லோரும் சிரித்துவிட்டார்கள். நீதிபதி சிரிக்கவில்லை. "அசலைக் கிழிச்சது நீங்களே. இதை ஆதாரமா எடுத்துக்க முடியாதும்மா," என்று நோட்டை ஓரமாக வைத்தார். மேலே மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது. அதன் நிழல் தரையில் நீந்துவதைப் பார்த்தபடி, கடைப் பூட்டு விழும் சத்தத்தை அக்கா மனசுக்குள் கேட்டாள்.

பிறகு கம்பெனிக்காரர் கூண்டில் ஏறினார். அக்காவின் வக்கீல், "இது உங்க கையெழுத்து இல்லை, அப்படித்தானே?" என்றார்.

"பார்த்தாலே தெரியலையா சார்?" சபை சிரித்ததில் அவருக்கு உற்சாகம் வந்திருந்தது. "இது நீல மை. நான் அந்தம்மா நோட்டுல எப்பவுமே பச்சை மையிலதான் போடுவேன்!"

அவருடைய வக்கீல் கண்களை மூடிக்கொண்டார்.

"எதுக்குப் போடுவீங்க?" என்று அக்காவின் வக்கீல் விடாமல் கேட்டார்.

"சரக்கு எடுத்ததுக்கு..." என்றவர் அப்படியே நின்றுவிட்டார்.

"நோட்டைத் தள்ளலாம்," என்றார் நீதிபதி. "நீங்க வாயால ஒத்துக்கிட்டதைத் தள்ள முடியாது. சரக்கு எடுத்தீங்கல்ல, பணம் குடுத்த ரசீது இருக்கா?"

இல்லை. கம்பெனியின் சரக்கு வரவுப் பதிவேட்டைக் கொண்டுவரச் சொன்னார். அடுத்த வாய்தாவில் அது வந்தது. அதிலிருந்த சரக்குக்குத் தவணையில் பணம் கட்டச் சொல்லித் தீர்ப்பாயிற்று.

"வாயைக் குடுத்து மாட்டிக்கிட்டான் மனுஷன்," என்று நாத்தனார் வழியெல்லாம் சிரித்தாள். "இனிமேலாவது கிழிக்காதீங்க அண்ணி."

பழைய நோட்டுகள் இப்போது பரணில் இருக்கின்றன. பொத்தான் செய்தித்தாளில் மடிகிறது. ஆனாலும் வருஷக் கடைசியில், வெயில் சாயும் நேரத்தில், அக்காவுக்குக் கை சும்மா இருக்காது. புது நோட்டில் எல்லாவற்றையும் பார்த்து எழுதுவாள். கையெழுத்து வரும் இடத்தில் மட்டும் பேனாவைத் தூக்கிவிட்டு, அந்த வெள்ளை இடத்தைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருப்பாள்.